காப்புக்கு அடியில் இருந்த நிறம்

1966 ஜனவரியில், பள்ளிக்கூடம் திறக்க இரண்டு நாள் இருக்கும்போது, அம்மா இடது கையில் கிடந்த வெள்ளிக் காப்பைக் கழற்றினார். சோப்பு நுரையைத் தடவி, பெருவிரலை உள்ளங்கைக்குள் மடக்கி, பல்லைக் கடித்துக்கொண்டு இழுத்த பிறகுதான் அது வந்தது. கல்யாணத்தன்று போட்டது, அதுவரை ஒருநாளும் கழற்றியதில்லை. அக்காவுக்கு இடைநிலைப் பள்ளிச் சீருடையும் புத்தகமும் வாங்க, மலேசியாவின் கோலா கங்சார் அடகுக் கடைக்கு அது போக வேண்டியிருந்தது.

எனக்கு அப்போது பத்து வயது. காப்பு போனதைவிட, காப்பு கிடந்த இடம்தான் என் மனதில் பதிந்தது. முழங்கையிலிருந்து விரல்வரை காய்ந்த கொட்டாங்கச்சியாக இருந்த கையில், அந்த ஒரு விரற்கடை வளையம் மட்டும் புளியம்பழ ஓட்டின் நிறத்தில் தெரிந்தது.

"அம்மா, நீ நெசமா இந்தக் கலரா?"

"பொறந்தப்ப இந்தக் கலருதான். மிச்சமெல்லாம் வெயிலு போட்டது."

அந்தப் பதிலில் பாதிதான் சரி. காப்புக்கு அடியிலும் அம்மா கருப்புதான். அக்காவின் கன்னத்தைவிட அந்த வளையம் ஒரு படி கருப்பு. ஒரே தாய் தகப்பன், ஒரே தோட்டத்து லயம், ஒரே பானைச் சோறு; அக்கா சிவப்பு, நான் கருப்பு. தமிழ்ப்பள்ளியில் அறிவியல் சொல்லிக்கொடுத்த காலம் முழுவதும் பிள்ளைகள் என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்டதும் இதைத்தான்: "டீச்சர், நாம ஏன் கருப்பு?" பாடநூலில் அதற்கு இரண்டு வரிதான் இருந்தது. மீதியை நான்தான் தேடிப் படிக்க வேண்டியிருந்தது. தேடியதில் பெரும்பகுதி எங்கள் ஊரைச் சுற்றியே கிடந்தது.

பாட்டியிடம் இதற்கு ஒரு கதை இருந்தது. கடவுள் களிமண்ணில் மனுஷனைப் பிடித்துச் சூளையில் வைத்தாராம். முதல் தடவை அவசரப்பட்டு எடுத்துவிட்டார், வெள்ளைக்காரன் வந்தான். அடுத்த தடவை மறந்துபோய்ப் பிந்தி எடுத்தார், நாம் வந்தோம். இதே கதை வேறு பல நாடுகளிலும் உண்டு. அங்கெல்லாம் கதை சொல்கிறவர்கள் தங்களைப் பதமாக வெந்தவர்கள் என்று சொல்லிக்கொள்வார்கள். எங்கள் லயத்தில் நாங்களே கருகிப்போனவர்கள். அதை நினைத்தால் இன்றும் எனக்கு வலிக்கிறது.

கோலா கங்சாரிலிருந்து பேராக் ஆற்றைத் தாண்டினால் சாயோங் கம்பம். லாபு சாயோங் என்னும் சுரைக்காய் வடிவக் கருப்பு நீர்க்குடுவைக்குப் பேர்போன இடம். ஒருமுறை ஐந்தாம் ஆண்டுப் பிள்ளைகளை அங்கே அழைத்துப் போனேன். சுட்டு எடுத்தபோது குடுவை செங்கல் நிறத்தில் இருந்தது. குயவர் அம்மா அதைச் சூடு தணியாமல் அப்படியே நெல் உமிக் குவியலுக்குள் புதைத்தார். உமி புகைந்தது. வெளியே வந்தபோது குடுவை பளபளவென்று கருப்பு. "டீச்சர், கருகிப் போச்சா?" என்றான் ஒரு பையன். அந்த அம்மாவுக்குத் தமிழ் தெரியாது; அவன் முகத்தைப் பார்த்தே புரிந்துகொண்டார். குடுவையை விரல் மடிப்பால் தட்டிக் கணீரென்ற சத்தத்தைக் கேட்கவைத்து, "இதுதான் கடைசி வேலை, இதைச் செய்யாமல் லாபு முடிவதில்லை" என்று மலாயில் சொன்னார். பாட்டி உயிரோடு இருந்திருந்தால் அவரையும் கூட்டிக்கொண்டு போய்க் காட்டியிருப்பேன்.

இந்த ஊருக்கு நாங்கள் வந்து சேர்ந்த கதையிலும் வெயில் இருக்கிறது. 1877-இல் லண்டன் கியூ தோட்டத்திலிருந்து 22 ரப்பர்க் கன்றுகள் சிங்கப்பூருக்கு வந்தன. அவற்றில் ஒன்பதை, பேராக்கின் பிரிட்டிஷ் ரெசிடெண்டாக இருந்த ஹியூ லோ, கோலா கங்சாரில் தம் மாளிகைத் தோட்டத்தில் நட்டார். அந்தத் தலைமுறை மரமொன்று மாவட்ட அலுவலகத்தின் அருகே இன்னும் நிற்கிறது. வேலி போட்டுப் பலகை வைத்திருக்கிறார்கள். அந்தப் பலகையில் ஹியூ லோவின் பெயர் இருக்கிறது. கித்தா என்னும் ரப்பர்க் காடு வளர்ந்ததும் நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறிப் பினாங்கில் இறங்கியவர்களின் பெயர் இல்லை.

தமிழனைப் பிடித்துக்கொண்டு வந்ததற்கு அவன் மலிவு என்பதும், அடங்கி நடப்பான் என்பதும், பிரிட்டிஷ் ஆட்சிக்குள் இருந்த ஊர்க்காரன் என்பதும் காரணங்கள். கூடவே இன்னொன்றையும் வெள்ளைக்காரர்கள் நம்பினார்கள்: கருப்புத் தோல் வெயிலுக்கென்றே செய்தது, வெள்ளைத் தோலுக்கு வெப்பநாட்டு வெளிச்சமே விஷம். 1905-இல் சார்லஸ் உட்ரஃப் என்ற அமெரிக்க ராணுவ மருத்துவர் இதைச் சொல்வதற்காகவே ஒரு புத்தகம் எழுதினார். துரைமார் நெட்டித் தொப்பி இல்லாமல் வாசற்படி இறங்க மாட்டார்கள். முதுகெலும்பின்மேல் வெயில் படாதிருக்கத் தனித் துணித் திண்டு கட்டிக்கொண்டவர்களும் உண்டு. பிலிப்பைன்ஸில் அமெரிக்கச் சிப்பாய்களுக்கு ஆரஞ்சுச் சிவப்பில் உள்ளாடை கொடுத்து, வெயிலின் கொடுமை குறைகிறதா என்று பார்த்தார்கள். ஒன்றும் குறையவில்லை.

ஆனால் பால் வெட்டு வெயிலில் நடக்கிற வேலையே இல்லை. விடியற்காலை நான்கரைக்கெல்லாம் பெரட்டு, அதாவது ஆள் கணக்கெடுப்பு. தலைவிளக்கைக் கட்டிக்கொண்டு நிரைக்குள் நுழையும்போது இருட்டு. வெயில் ஏறினால் இலைகள் நீரை இழுக்கத் தொடங்கிவிடும், பட்டைக்குள் அழுத்தம் குறையும், பால் நின்றுபோகும். அதனால்தான் அந்த நேரம். மரம் வெட்டி முடிந்து, மங்குப் பாலைச் சேர்த்து, காண்டா வாளியோடு ஸ்டோருக்கு நடக்கும்போதுதான் வெயில் படும். வெளிக்காட்டு வேலைக்காரர்கள் நிலை வேறு. புல் வெட்டுகிறவர்களுக்கு நாள் முழுவதும் வெயில். அம்மா பதினேழு வருஷம் வெளிக்காடு, அதற்குப் பிறகுதான் பால்மரம். அவர் கையில் இருந்த கொட்டாங்கச்சி நிறம் அந்தப் பதினேழு வருஷத்தின் கணக்கு. காப்புக்கு அடியில் இருந்தது அதைவிடப் பழைய கணக்கு.

ஒரு ஜனங்களின் உடம்பைப் பார்த்து "இது அவர்கள் இனத்துக்கே உள்ளது" என்று முடிவு கட்டுவது அந்தக் காலத்தில் எவ்வளவு எளிது என்பதற்கு நம் சோற்றுப் பானையே சாட்சி. 1891 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், பிரிட்டிஷார் ஆண்ட நீரிணைக் குடியேற்றங்களின் மக்களை ஐரோப்பியர், சீனர், மலாய்க்காரர், "தமிழரும் இந்தியாவின் பிற சுதேசிகளும்" என்று பெரிய பெட்டிகளில் அடைத்தார்கள். நோய்களையும் அதே பெட்டிகளில் போட்டுப் பார்த்தார்கள். ஈயச் சுரங்கங்களில் சீனத் தொழிலாளிகள் பெரிபெரியில் கால் வீங்கிச் செத்தார்கள். தோட்டத்துத் தமிழர்களை அது அவ்வளவாகத் தொடவில்லை. நெகிரி செம்பிலானில் பணிபுரிந்த மருத்துவர் பிராடன், இனத்தை விட்டுவிட்டு அரிசியைப் பார்த்தார். சீனர்கள் தின்றது தீட்டிய வெள்ளைப் பச்சரிசி. நாம் தின்றது புழுங்கலரிசி. கோலாலம்பூர் மருத்துவ ஆய்வுக் கழகத்தைச் சேர்ந்த ஃப்ரேசரும் ஸ்டாண்டனும் ஜெலபுவில் சாலை போட்ட ஜாவானியத் தொழிலாளர்களை இரண்டு கூட்டமாகப் பிரித்து, ஒரு கூட்டத்துக்கு வெள்ளரிசியும் மற்றதற்குப் புழுங்கலரிசியும் கொடுத்தார்கள். வெள்ளரிசிக் கூட்டத்தில் பெரிபெரி வந்தது. அரிசியை மாற்றிக் கொடுத்தார்கள். நோயும் கூட்டம் மாறியது. 1909-இல் முடிவு வெளியானது. நெல்லை அவிக்கும்போது தவிட்டின் சத்து அரிசிக்குள் இறங்கிவிடுகிறது. எங்கள் பாட்டிமார் கப்பலில் கொண்டுவந்த பழக்கம் அவர்களைக் காப்பாற்றியிருக்கிறது. புழுங்கல் வாடை பிடிக்காது என்று முகம் சுளித்த என் மாணவர்களிடம் இதைச் சொல்லாமல் ஒரு வருஷத்தையும் நான் முடித்ததில்லை.

சோற்றுக்கும் தோலுக்கும் உள்ள உறவு எனக்கு முதலில் தெரிந்தது லயத்தில்தான். எங்களுக்கு இரண்டு வீடு தள்ளி ஒரு அக்கா, கல்யாணமாகி வந்த புதிது. மூன்றாம் மாசம் உண்டாகியிருந்தாள். கருத்த பெண், மாசம் ஏற ஏற வெளுத்துக்கொண்டே வந்தாள். பெரியவர்களுக்கு ஒரே சந்தோஷம். "புள்ள நல்ல செவப்பாப் பொறக்கும், பாரு, தாயி மொகத்துலயே தெரியுது" என்றார்கள். கடுங்கோப்பி குடித்தால் பிள்ளை கருத்துவிடும் என்று அவளுக்குக் கோப்பியை நிறுத்தினார்கள். ஈப்போவில் யாரையோ பிடித்து ஒரு சிட்டிகை குங்குமப்பூ வாங்கிப் பாலில் போட்டுக் கொடுத்தார்கள். அதற்கு அவள் புருஷன் எத்தனை நாள் கூலி கொடுத்தாரோ!

தோட்டத்து ஆஸ்பத்திரி டிரெசர் ஒருநாள் லயத்துக்கு வந்தார். அவளை வாசல் வெளிச்சத்துக்குக் கூட்டிவந்து கீழ் இமையைப் பெருவிரலால் இழுத்துப் பார்த்தார். நானும் எட்டிப் பார்த்தேன். சிவப்பாக இருக்க வேண்டிய இடம் உரித்த வெங்காயம் மாதிரி இருந்தது. "இது செவப்பு இல்லம்மா, சோகை. ரத்தம் வத்திப் போச்சு" என்று மாத்திரை கொடுத்தார். பிறகு லயத்து வேலியோரம் நின்ற முருங்கையைக் கையால் காட்டினார். "இத தெனம் சாப்பிடு. காசா பணமா?"

அந்த முருங்கை இலைக்குப் பின்னால் இருந்த கதை எனக்கு வெகுகாலம் கழித்துத்தான் தெரிந்தது. 1928-இல் லூசி வில்ஸ் என்ற ஆங்கில மருத்துவர் பம்பாய்க்கு வந்தார். துணி ஆலைகளில் வேலை பார்த்த ஏழைக் கர்ப்பிணிகள் கடுஞ்சோகையில் இறந்துகொண்டிருந்த காலம். கிருமியைத் தேடிக் கிடைக்காமல், அவர்கள் தின்பதைப் பார்த்தார். நம் குன்னூர் ஆய்வுக்கூடத்திலும் அவர் வேலை செய்திருக்கிறார். ஈஸ்ட் பசையான மார்மைட்டைக் கொடுத்தால் அந்தச் சோகை தீர்கிறது என்று 1931-இல் எழுதினார். அதில் இருந்த சத்தை 1941-இல் அமெரிக்காவில் டன் கணக்கான கீரையிலிருந்து பிரித்தெடுத்து, லத்தீனில் இலையைக் குறிக்கும் சொல்லை வைத்து ஃபோலிக் அமிலம் என்று பெயரிட்டார்கள். ஃபோலேட் என்பதும் அந்தக் குடும்பம்தான். வயிற்றுப் பிள்ளையின் முதுகுத்தண்டு நரம்புக் குழாய் மூடுவதற்கு அது வேண்டும். 1991-இல் முடிந்த ஒரு பிரிட்டிஷ் சோதனையில், அந்தக் குழாய் மூடாத குறை மறுபடி வரக்கூடிய தாய்மாரிடம் ஃபோலிக் அமிலம் அதை 72 சதவீதம் தடுத்தது.

இனி வெயில். 1978-இல் பிராண்டா, ஈட்டன் என்ற இருவர் மனித ரத்த நீரைப் புற ஊதா வெளிச்சத்தில் வைத்தார்கள். ஒரு மணி நேரத்துக்குள் அதிலிருந்த ஃபோலேட்டில் 30 முதல் 50 சதவீதம் அழிந்தது. ஆக வெயில் தோலைச் சுடுவதோடு நிற்கவில்லை. தோலுக்கு அடியில் ஓடும் ரத்தத்தில் வயிற்றுப் பிள்ளைக்கான சத்தையும் தின்கிறது. அதைத் தடுக்கிற திரைதான் தோலின் கருநிறமியான மெலனின். நீனா ஜப்லான்ஸ்கியும் அவர் கணவர் ஜார்ஜ் சாப்ளினும், நாசா செயற்கைக்கோள் அளந்த புற ஊதாக் கதிர் வரைபடத்தையும் உலக மக்களின் தோல் நிற அளவுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்து 2000-இல் எழுதிய கட்டுரை இந்த விஷயத்தைத் தலைகீழாக மாற்றியது. நிலநடுக்கோட்டுப் பக்கம் தோல் கருத்திருப்பதற்குப் புற்றுநோய்த் தடுப்பைவிடப் பெரிய காரணம், பிள்ளை உருப்படியாகப் பிறப்பது என்றார்கள். தோல் புற்றுநோய் பெரும்பாலும் பிள்ளை பெற்று முடித்த வயதில் வருவது. அடுத்த தலைமுறையின் எண்ணிக்கையை அது அவ்வளவாக மாற்றாது.

அந்தக் கட்டுரையைப் பற்றி முதன்முதலாகப் படித்த இரவு, லயத்து அக்காவை நினைத்து எனக்குத் தூக்கம் வரவில்லை. எந்தக் கருப்பு போனால் நல்லது என்று எல்லாரும் வேண்டிக்கொண்டார்களோ, அந்தக் கருப்பு அவள் பிள்ளைக்காகவே அவள் தோலில் இருந்தது.

நம் பழையவர்களுக்கு இந்தக் குழப்பம் இருந்ததாகத் தெரியவில்லை. சங்கப் பாடல்களில் தலைவியின் அழகு நிறத்துக்குப் பெயர் மாமை. மாந்தளிரின் கருமை கலந்த செம்மை. தலைவன் பிரிந்தால் அந்த மாமை போய்ப் பசலை படரும். பசலை என்பது வெளிறல், அழகின் இழப்பு, பிறர் கண்டால் வெட்கப்பட வேண்டிய நோய். வெளுப்பதை நோயென்று பார்த்த மொழியில் பிறந்துகொண்டு, வெளுப்பதற்காகக் குங்குமப்பூ வாங்கியிருக்கிறோம்.

மனிதன் கருத்தது எப்போது? சிம்பன்சியின் மயிரை விலக்கிப் பார்த்தால் தோல் வெளிறியிருக்கும். நம் முன்னோர் ஆப்பிரிக்கப் புல்வெளியில் மயிரை இழந்து, வியர்த்துக் குளிரப் பழகியபோது, வெறும் தோல் வெயிலில் நின்றது. குறைந்தது 12 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே கருப்பு நிலைத்துவிட்டது என்று மரபணுக் கணக்கு சொல்கிறது. மெலனின் செய்யும் உயிரணுக்கள் எல்லா மனிதரிடமும் ஏறக்குறைய ஒரே எண்ணிக்கைதான். அவை எவ்வளவு செய்கின்றன, எந்த வகையைச் செய்கின்றன என்பதில்தான் வேறுபாடு.

வெளுத்ததற்கும் காரணம் பிள்ளையும் எலும்பும்தான். வைட்டமின் டி-யை உடம்பு வெயிலைக் கொண்டு தோலில் செய்துகொள்கிறது. லண்டன் 51 டிகிரி வடக்கில் இருக்கிறது; குளிர்கால மாதங்களில் அங்கே விழும் வெயிலில் அதற்கு வேண்டிய கதிர் கிட்டத்தட்ட இல்லை. கருத்த தோல் கோடையிலும் போதுமான அளவைச் செய்யத் திணறும். எலும்பு வளையும், இடுப்பெலும்பு கோணும், பிரசவம் உயிரைக் குடிக்கும். எனவே வடக்கே போனவர்களில் வெளிறியவர்கள் நிலைத்தார்கள். ஆனால் தட்டில் என்ன இருந்தது என்பதைப் பொறுத்து இதுவும் மாறியது. ஆர்க்டிக் பனியில் வாழும் இனுயிட் மக்கள் அந்த அளவுக்கு வெளுக்கவில்லை. மீனும் சீல் கொழுப்பும் வைட்டமின் டி-யைக் கொடுத்தன. இங்கிலாந்துக் குகையொன்றில் 1903-இல் கிடைத்த, ஏறத்தாழ 10,000 ஆண்டு பழைய 'செட்டர் மனிதனின்' மரபணுவை 2018-இல் ஆராய்ந்தவர்கள், அவன் தோல் கருத்தது, கண் நீலம் என்று அறிவித்தார்கள். வேட்டையாடியும் மீன் பிடித்தும் தின்றவன். தானியம் விதைக்கிறவர்கள் தெற்கிலிருந்து வந்து, தட்டில் மீன் குறைந்து மாவு கூடிய பிறகுதான் ஐரோப்பா இன்று நாம் பார்க்கிற வெளுப்புக்கு வந்தது.

அதே காலத்து மனிதன் ஒருவன் எங்கள் பேராக்கிலும் இருக்கிறான். கோலா கங்சாரிலிருந்து வடக்கே ஆற்றோடு போனால் லெங்கோங் பள்ளத்தாக்கு. 1991-இல் அங்கே குனோங் ருந்துக் குகையில், மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் சுரைனா மஜீட் குழு, கைகால் மடக்கிப் புதைத்த ஒரு முழு எலும்புக்கூட்டைக் கண்டெடுத்தது. வயது 10,000 ஆண்டுக்கு மேல். இடது கை ஊனம். நடுவயதுவரை வாழ்ந்திருக்கிறான், அப்படியென்றால் கூட்டத்தார் அவனைக் கவனித்துக்கொண்டிருக்கிறார்கள். ஆற்று நத்தை ஓடுகளைக் குவித்து மரியாதையாகப் புதைத்திருந்தார்கள். அவன் எலும்பைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றுவது அந்தப் பரிவுதான். எலும்பில் நிறம் கிடையாது.

அந்தப் பள்ளத்தாக்கைச் சுற்றிய காடுகளில் ஜஹாய், லானோ மக்கள் இருக்கிறார்கள். சுருட்டை முடி, கருத்த தோல். கிளந்தான் குவா சா குகையில் கிடைத்த நாலாயிரம் ஆண்டுப் பழைய எலும்பின் மரபணு, ஜஹாய்களோடும் அந்தமான் ஓங்கேக்களோடும் நெருங்கி நிற்கிறது என்று 2018-இல் தெரிந்தது. தென்னிந்தியர்களின் ரத்தத்தில் இருக்கும் மிகப் பழைய அடுக்கும் அந்தமான் மக்களுக்குத் தொலைதூரச் சொந்தம். ரப்பர் வருவதற்கு எத்தனையோ ஆயிரம் ஆண்டுக்கு முன்னரே அந்தப் பழைய மக்களில் ஒரு பிரிவு இந்தப் பக்கம் நடந்து வந்திருக்கிறது. காட்டு நிழலிலேயே வாழ்ந்தும் ஜஹாய் மக்கள் ஏன் கருப்பு என்ற என் பழைய சந்தேகமும் இதில் தீர்ந்தது. ஒரு தலைமுறை நிழலில் நிற்பதால் நிறம் மாறாது. வந்த வழியெல்லாம் வெயில் காய்ந்த வழி. கருப்பை விடச் சொல்லி எதுவும் அவர்களை நெருக்கவில்லை.

எங்கள் மாவட்டத்திலேயே, சுங்கை சிப்புட்டுக்கு அப்பால் மலையில், தெமியார் மக்கள் இருக்கிறார்கள். மலேசிய அரசாங்கக் கணக்கில் அவர்கள் செனோய் என்ற பெரும் பிரிவைச் சேர்ந்தவர்கள். லெங்கோங் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த அதே 2012-இல், தீபகற்பத்தின் பழங்குடிகளான ஓராங் அஸ்லி மக்கள் 492 பேரின் தோல் நிறத்தைக் கருவியால் அளந்த ஆய்வு ஒன்று வெளியானது. எண் கூடினால் கருப்பு கூடுதல். ஜஹாய், லானோ மக்கள் அடங்கிய நெக்ரிட்டோ பிரிவுக்குச் சராசரி 56, செனோய்க்கு 46, ஆதி மலாய்க்காரருக்கு 42. இந்த மூன்று எண்ணோடு நிறுத்தினால், 1891-இன் பெட்டிகள் சரிதான் என்று தோன்றும். அடுத்த வரியைப் படித்தபோது நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டேன். அளந்த எல்லாரிலும் மிகக் கருத்தவர் 75, மிக வெளிறியவர் 28. இரண்டு பேருமே செனோய்.

ஒரே மக்கள். ஒரே பெட்டிக்குள் இரண்டு கோடியும் இருக்கிறது.

தோலை வெளிறச் செய்யும் மரபணு மாற்றங்களில் ஒன்றை 2005-இல் கீத் செங் குழு கண்டுபிடித்தது. அதற்கு வழிகாட்டியது நம் இந்திய ஆறுகளில் வாழும் வரிக்கோட்டு மீன். அதில் பொன்னிறமாகப் பிறக்கும் ஒரு வகை. எஸ்எல்சி24ஏ5 என்ற மரபணுவில் ஒரே ஒரு எழுத்து மாறினால், அது செய்யும் புரதத்தின் 111-ஆம் இடம் மாறுகிறது, மெலனின் குறைகிறது. ஐரோப்பியர் ஏறக்குறைய எல்லாரிடமும் அந்த எழுத்து இருக்கிறது. 2013-இல் வந்த ஆய்வு, அதே எழுத்து இந்தியா முழுக்க, தென்னிந்தியரிடமும் கூட, கூடியும் குறைந்தும் பரவிக் கிடக்கிறது என்றும், ஐரோப்பியரிடம் இருப்பதும் நம்மிடம் இருப்பதும் ஒரே மூலத்திலிருந்து வந்ததே என்றும் காட்டியது. கோலா கங்சார் கடைத்தெருவில் எனக்கு அரிசி அளந்து கொடுத்த சீன தவுக்கேயின் வெளுப்புக்கு இந்த எழுத்து காரணமே இல்லை; கிழக்காசியாவில் வேறு மரபணுக்கள் மாறி, தனி வழியில் வெளுத்தார்கள். செனோய்களிடம் இரண்டு வழியும் வந்து கலந்திருக்கின்றன.

அம்மா அப்பா இருவரிடமும் இந்த எழுத்தும் இதைப்போல வேறு பல எழுத்துகளும் பாதிப் பாதியாக இருந்திருக்க வேண்டும். அக்காவுக்கு ஒரு சீட்டுக் குலுக்கல், எனக்கு ஒன்று. குலம், குடும்பம், தாயின் சாப்பாடு, முன்வினை எதுவும் அதில் கை வைக்கவில்லை.

இது 1979-இல் எனக்குத் தெரியாது. அந்த வருஷம் என்னைப் பெண் பார்க்க ஈப்போவிலிருந்து வந்தார்கள். பவுடர் பூசி, மாலை வெளிச்சம் மங்கின பிறகு உட்காரவைத்தார் அம்மா. கோப்பி கொடுத்தது அக்கா. வந்த அம்மாள் அக்காவைப் பார்த்துவிட்டு, "இந்தப் பொண்ணுக்கு முடிஞ்சிருச்சா?" என்று கேட்டார். முடிந்திருந்தது, இடுப்பில் பிள்ளை இருந்தது. என்னைப் பற்றி அவர் கேட்ட ஒரே கேள்வி, "வெளிக்காட்டுல வேலை பாத்ததா?" நான் அப்போது பயிற்சி முடித்த ஆசிரியை. அவர்கள் போன பிறகு அம்மா என்னிடம் ஒன்றும் பேசவில்லை. கிணற்றடியில் உட்கார்ந்து தம் கையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தார். என் நிறம் தம் கையிலிருந்து வந்தது என்று அவருக்குத் தோன்றியிருக்க வேண்டும். இதையெல்லாம் அன்றைக்கே படித்திருந்தால், ஓடிப்போய் அந்தக் கையைப் பிடித்திருப்பேன்.

அக்காவுக்கு இப்போது எழுபதைத் தாண்டிவிட்டது. சிவப்பு கெட்டுவிடும் என்று ஆறு வயதிலிருந்தே அவளை வெயிலில் விட்டதில்லை. குடையில்லாமல் கடைக்குப் போனதில்லை. ஐந்து டிகிரி வடக்கில், வருஷம் முழுக்க வெயில் கொட்டுகிற ஊரில் இருந்துகொண்டே, போன வருஷம் இடுப்பு வலி என்று போய்ப் பார்த்தால் வைட்டமின் டி மிகக் குறைவு என்று வந்தது. அவளைப்போல் நிறையப் பேர் இருக்கிறார்கள். மலேசியாவில் பெண்களிடம் எடுத்த ஆய்வுகள் பலவும் இதே குறையைத்தான் காட்டுகின்றன. மாத்திரை கொடுத்த டாக்டர், "காலை வெயிலில் கொஞ்ச நேரம் உட்காருங்கம்மா" என்றார்.

போன சனிக்கிழமை அவளைப் பேராக் ஆற்றங்கரைக்குக் கூட்டிப்போனேன். எதிர்க்கரையில் சாயோங் பக்கம் மூட்டம் விலகிக்கொண்டிருந்தது. குடையோடுதான் வந்தாள். பெஞ்சில் உட்கார்ந்த பிறகும் விரித்தே வைத்திருந்தாள். நான் ஒன்றும் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் கழித்து அவளாகவே குடையை மடக்கி மடியில் வைத்துக்கொண்டு, இரண்டு கையையும் முழங்கைவரை நீட்டி வெயிலில் வைத்தாள். பிறகு என் இடது கையை இழுத்தாள். அடகிலிருந்து மீண்டு, அம்மாவுக்குப் பிறகு எனக்கு வந்த அந்தக் காப்பு என் கையில் கிடந்தது. அதை மேலே தள்ளி, அடியில் இருந்த வளையத்தைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்தாள்.

"அம்மா கையேதான்" என்றாள்.